ஊரும் கொடியும்

சொந்த நாடு எது என்று கேட்டால், பிறந்த மண் என்று சட்டென்று பதில் சொல்லிவிடுகிறோம். மண் அப்படியே கிடக்க, அதன்மேல் பறக்கும் கொடி மட்டும் மாறிக்கொண்டே போனால்?

மிலியென்கோ ஸ்மோயே ஏட்ரியாடிக் கடற்கரையிலுள்ள ஸ்பிலிட் நகரத்துக்காரர். பத்திரிகை எழுத்தாளர், தொலைக்காட்சிக்குத் தொடர்நாடகங்கள் எழுதியவர். குரோஷியாவைச் சுற்றியுள்ள நாடுகளைத் தாண்டினால் அவர் பெயரை அறிந்தவர்கள் சிலரே. 1918 வரை அந்த ஊர் ஆஸ்திரிய-ஹங்கேரிச் சக்கரவர்த்திக்குச் சொந்தம். ஸ்மோயே பிறந்த 1923-ல், செர்பியர், குரோஷியர், ஸ்லோவேனியர் மூவருக்கும் பொதுவான முடியரசு. 1941-ல் இத்தாலி, 1943-ல் ஜெர்மானியர், 1944-ல் டிட்டோவின் படை, 1991-ல் சுதந்தரக் குரோஷியா. வாசற்படி இறங்காமலே ஒருவன் இத்தனை தேசங்களில் வாழ்ந்துவிடலாம் போலிருக்கிறது!

1970-ல் ஸ்மோயேயின் 'நாஷே மாலோ மிஸ்தோ', அதாவது 'எங்கள் சின்ன ஊர்', ஒளிபரப்பாகத் தொடங்கியது. பத்து வருஷம் கழித்து 'வேலோ மிஸ்தோ', 'பெரிய ஊர்'. புத்தகக் குரோஷியத்தில் ஊருக்கு 'மியெஸ்தோ' என்று பெயர். கடற்கரை ஜனங்களின் வாயில் அது 'மிஸ்தோ'. முள்கரண்டியைப் புத்தகம் 'வீலிட்சா' என்னும். இவர்களோ 'பிருன்' என்பார்கள். அது வெனிஸ்காரர்களின் சொல். ஆள வந்தவர்கள் போய்விட்டார்கள், சொல் மட்டும் சாப்பாட்டு மேஜையில் தங்கிவிட்டது. ஸ்மோயே தம் பாத்திரங்களை இந்தப் பேச்சிலேயே பேசவிட்டார். 'பெரிய ஊர்' 1910 முதல் 1947 வரை நடக்கும் கதை. அதில் வரும் நாவிதருக்கு, 1911-ல் தோன்றிய ஹைடுக் கால்பந்துக் குழுவின்மேல் உள்ள பித்து, எந்த ஆட்சி வந்தாலும் தெளிவதில்லை. ஊராரின் வம்பு, வாய்ச்சவடால், பொறாமை ஒன்றையும் ஸ்மோயே விட்டுவைக்கவில்லை. ஊரார் சிரித்தார்கள்.

பிறகு யுத்தம் வந்தது. 1991 நவம்பர் 15 அன்று யூகோஸ்லாவியக் கடற்படை ஸ்பிலிட்டின் மேலேயே குண்டு பொழிந்தது. ஸ்மோயே பழைய யூகோஸ்லாவியாவுக்காக ஏங்குகிறவர் என்று தூற்றினார்கள். 1993-ல், வெகுகாலம் எழுதிவந்த தினசரியை விட்டு, 'ஃபெரல் ட்ரிப்யூன்' என்ற நையாண்டி ஏட்டில் எழுதலானார்.

தூற்றியவர்களை மூடர்கள் என்று தள்ளிவிட எனக்கு மனம் வரவில்லை. பிள்ளையைப் போர்முனைக்கு அனுப்பிய தாய்க்குக் கேலி கசக்கத்தான் செய்யும். அப்போதுதான் பிறந்த தேசத்துக்குத் தன்னம்பிக்கை போதாது. அது புகழ்ச்சியையே கேட்கும். ஆனாலும், புகழ்வதற்கு ஓர் ஊரில் பிறந்திருக்க வேண்டுமா என்ன? விருந்தாளிகூடப் புகழ்ந்துவிட்டுத்தான் கை கழுவுகிறான். இன்னார் கடன் வாங்கினால் திருப்புவதில்லை என்று சொல்லிச் சிரிக்கவும், சொன்ன பிறகு அதே தெருவில் நடந்து போகவும் உரிமை வேண்டுமானால், அங்கேயே கிடந்து உழன்றிருக்க வேண்டும். இந்த உரிமை எந்தச் சர்க்காரும் கொடுத்ததல்ல. சர்க்காரால் அதைப் பிடுங்கவும் முடியாது என்பது என் கட்சி. ஆனால் தெருவே முகத்தைத் திருப்பிக்கொண்டால்? சர்க்காரோடு வழக்காடலாம், அண்டை வீட்டுக்காரனோடு எப்படி வழக்காடுவது?

ஸ்மோயே 1995 அக்டோபரில், ஸ்பிலிட்டிலேயே கண்ணை மூடினார். அவருடைய ஊர்க் கதைகளைத் தொலைக்காட்சி அதன் பிறகும் பல தடவை காட்டியது.