அங்கியும் வாக்குச்சீட்டும்

ஜூல் லெமிர் என்ற கத்தோலிக்கக் குரு 1893 முதல் 1928இல் இறக்கும்வரை, 35 ஆண்டுகள், அஸ்ப்ரூக் தொகுதியின் உறுப்பினராகப் பிரெஞ்சுப் பிரதிநிதிகள் சபையில் இருந்தார். குரு ஒருவர் மக்கள் பிரதிநிதி ஆனால், அவர் கட்டுப்பட வேண்டியது ஆயருக்கா, வாக்களித்த ஊருக்கா என்ற கேள்வி அந்த 35 ஆண்டுகளும் அவரைத் தொடர்ந்தது.

வட பிரான்சின் பிளெமிஷ் வட்டாரத்தில், வியூ-பெர்க்கான் என்ற ஊரில் 1853இல் பிறந்தவர் அவர். 1878இல் குருப்பட்டம் பெற்று, அஸ்ப்ரூக்கில் ஆசிரியராக இருந்தார். அக்காலப் பிரெஞ்சுக் கத்தோலிக்கரில் பலருக்குக் குடியரசு என்றாலே ஆகாது. மன்னராட்சி திரும்பும் என்று காத்திருந்தார்கள். 1892இல் திருத்தந்தை 13ஆம் லியோ, குடியரசை ஏற்றுக்கொள்ளுங்கள் என்று அவர்களுக்குச் சுற்றுமடல் எழுதினார். லெமிர் அதை வேண்டாவெறுப்பாக அல்ல, மனமுவந்தே ஏற்றார்.

சபைக்கு வந்த சில வாரங்களிலேயே சோதனை வந்தது. 1893 டிசம்பர் 9 அன்று ஒகுஸ்த் வையான் என்ற அராஜகவாதி, பார்வையாளர் மாடத்திலிருந்து ஆணிகள் நிரப்பிய குண்டை வீசினார். உயிர்ச்சேதம் இல்லை, காயம்பட்டவர்களில் லெமிரும் ஒருவர். வையானுக்கு மரண தண்டனை வேண்டாம் என்று கருணை மனுவுக்கு முன்னின்றவரும் அதே லெமிர்தான். குடியரசுத் தலைவர் சாதி கார்னோ இணங்கவில்லை; 1894 பிப்ரவரியில் தண்டனை நிறைவேறியது. மன்னிப்பைப் பிரசங்கிப்பது எளிது. காயம் ஆறுமுன் அதை மனுவாக எழுதுவது வேறு வகை.

1896இல் அவர் தொடங்கிய ‘துண்டு நிலமும் வீடும்’ என்ற பொருள்படும் பெயர்கொண்ட சங்கம், தொழிலாளர் குடும்பங்களுக்குக் காய்கறி பயிரிடச் சிறு நிலங்களைப் பெற்றுத் தந்தது. உழைப்பவன் கையில் கொஞ்சம் மண் இருந்தால்தான் குடும்பம் நிலைக்கும் என்பது அவர் நம்பிக்கை. கடன்காரர் பறிமுதல் செய்ய முடியாத குடும்பச் சொத்துக்கு வழிசெய்த 1909ஆம் ஆண்டுச் சட்டத்திலும் இந்த எண்ணம்தான் ஓடுகிறது. இவற்றில் ஆயருக்கும் வாக்காளருக்கும் இடையே உரசல் எழ இடமே இல்லை.

உரசல் எழுந்த இடம் 1905ஆம் ஆண்டின் அரசு-திருச்சபைப் பிரிவினைச் சட்டம். லெமிர் அதை எதிர்த்தே வாக்களித்தார். ஆனால் நிறைவேறிய பின் அது நாட்டின் சட்டம், அதற்குள் வாழ வழி தேட வேண்டும் என்றார். திருத்தந்தை 10ஆம் பயஸ் 1906இல் அச்சட்டத்தைக் கண்டித்தார். அவ்வாண்டு மார்ச்சில் கோவில் சொத்துக்களைக் கணக்கெடுக்க அதிகாரிகள் வந்தபோது, அஸ்ப்ரூக் வட்டாரத்திலேயே உள்ள பொஷெப் ஊர்க் கோவிலுக்குள் ஒருவர் சுட்டுக் கொல்லப்பட்டார். மறுநாளே பிரதமர் ரூவியேயின் அமைச்சரவை கவிழ்ந்தது. இத்தகைய கொதிப்பில் சமரசம் பேசிய குருவை ஒரு தரப்பு துரோகி என்றது. அங்கி அணிந்த குடியரசுவாதியை மறுதரப்பும் முழுதாக நம்பவில்லை.

விசுவாசத்தில் ஆயருக்குக் கீழ்ப்படிவேன், குடிமகனுக்குரிய கடமையில் மனச்சாட்சியே வழிகாட்டி என்பதே லெமிரின் நிலைப்பாட்டின் சாரம். கோடு தெளிவாகத்தான் தெரிகிறது. ஆனால் ஆயர்கள் தரப்பிலும் ஒரு நியாயம் உண்டு: ஞாயிறன்று பலிபீடத்தில் நிற்பவரே மறுவாரம் வாக்குக் கேட்டு வாசலில் நிற்கும்போது, கேட்பவர் குடிமகன் மட்டும்தானா? அங்கிக்கு விழும் வாக்கும் அதில் கலந்திருக்கும். அந்த அங்கியை அளித்தது திருச்சபை.

1914இல் முடிச்சு இறுகியது. புதிதாக அமைந்த லீல் மறைமாவட்டத்தின் ஆயர் ஷாரோ, மீண்டும் போட்டியிடக் கூடாது என்று தடுத்தார். லெமிர் பணியவில்லை; குருப்பணியிலிருந்து இடைநீக்கம் செய்யப்பட்டார். அப்படித் தடைபட்ட குரு திருப்பலி நிறைவேற்ற முடியாது, பாவசங்கீர்த்தனம் கேட்க முடியாது. லெமிர் போட்டியிட்டு வென்றார். அதே ஆண்டு அஸ்ப்ரூக் நகரத்தந்தையும் ஆனார். திருச்சபையைவிட்டு விலகவுமில்லை, பதவியைத் துறக்கவுமில்லை. 1916இல் திருத்தந்தை 15ஆம் பெனடிக்ட் தடையை நீக்கினார்.

மறு ஆண்டே வெளியான திருச்சபைச் சட்டத் தொகுப்பு, நாடாளுமன்றத்துக்குப் போட்டியிடும் குரு தம் ஆயரிடமும் போட்டியிடும் இடத்தின் ஆயரிடமும் அனுமதி பெற வேண்டும் என்றது. அவ்விதி வந்த பின்னும் லெமிர் இறக்கும்வரை உறுப்பினராக நீடித்தார். திஜோன் நகரத்தந்தை ஃபெலிக்ஸ் கிர் என்ற குரு 1967 வரை அதே வழியில் நாடாளுமன்றத்தில் இருந்தார். 1983இல் வந்த புதிய தொகுப்பு, ஆட்சியதிகாரம் சார்ந்த பொதுப் பதவிகளைக் குருக்கள் ஏற்கக் கூடாது என்று விதித்தது.