தேடாத புத்தகம்

மூன்று வருடங்களுக்கு முன்பு அப்பாவுக்குப் பக்கவாதம் வந்தது. வலது கையும் வலது காலும் விழுந்துவிட்டன, பேச்சும் போய்விட்டது. பத்து நாள் கழித்து ஒரே ஒரு சொல் மட்டும் திரும்பி வந்தது: "சரி". தண்ணீர் வேண்டுமா என்றால் "சரி". வலிக்கிறதா என்றால் "சரி". கோபம் வந்தால் அதே "சரி"யைச் சத்தமாகச் சொல்வார். முப்பத்தைந்து வருடம் மின்வாரியத்தில் வேலை பார்த்து, டீக்கடையில் தெருவுக்கே கேட்கும்படி அரசியல் பேசிய மனிதரிடம் மிஞ்சியது அந்த இரண்டெழுத்துதான்.

நான் மென்பொருள் பொறியாளன். எந்தப் பிரச்சினையையும் படித்துத் தீர்த்துவிடலாம் என்று நம்பும் ரகம். சென்னைக்கும் கும்பகோணத்துக்கும் இடையே ரயிலில் போய்வந்த அந்த மாதங்களில் மூளையைப் பற்றிக் கிடைத்ததையெல்லாம் வாசித்தேன். 1861இல் பால் புரோக்கா என்ற பிரெஞ்சு மருத்துவரிடம் வந்த ஒரு நோயாளிக்கு "டான்" என்ற ஒரே ஓசைதான் வாயில் வந்தது. அவர் இறந்த பிறகு மூளையைப் பரிசோதித்த புரோக்கா, இடப்பக்க முன்மூளையில் சிதைவு இருப்பதைக் கண்டார். அந்தப் பகுதிக்கு இன்றும் அவர் பெயர்தான். அப்பாவுக்கு அடிபட்டிருந்ததும் அதே பக்கம். ஆலிவர் சாக்ஸ் 2007இல் வெளியிட்ட 'மியூசிகோஃபிலியா'வில், பேச முடியாமல் போனவர்களில் சிலரால் பாட முடியும் என்று வாசித்தேன். அடுத்த ஞாயிற்றுக்கிழமையே அம்மாவை ஒரு பழைய சினிமாப் பாட்டு பாடச் சொன்னேன். இரண்டாவது வரியில் அப்பாவும் சேர்ந்துகொண்டார், வார்த்தைகளோடு. அம்மா பாட்டை நிறுத்திவிட்டு அழுதாள். சரியான புத்தகங்களைத்தான் கண்டுபிடித்திருக்கிறேன் என்று எனக்கு அன்று பெருமையாக இருந்தது.

அந்தப் பெருமையோடுதான் அடுத்த காரியத்தைச் செய்தேன்.

சித்தப்பா பார்க்க வந்திருந்தார். அப்பாவின் கட்டில் பக்கத்தில் நின்றுகொண்டு, போனில் மூளையின் படத்தைக் காட்டி விளக்கினேன். "அப்பாவுக்கு நாம சொல்றது பெரும்பாலும் புரியும் சித்தப்பா. திருப்பிச் சொல்லத்தான் வராது." அதைச் சொன்ன வாயாலேயே, அப்பா அங்கே இல்லாதது போல, இருவரையும் சென்னைக்குக் கூட்டிப்போவது, வீட்டை வாடகைக்கு விடுவது, சாமான்களில் எதை விற்பது என்று பேசினேன். கடைசியில் ஒரு சடங்கு போல அப்பா பக்கம் திரும்பி, "என்னப்பா, சென்னைக்கு வந்துடலாமா?" என்றேன்.

"சரி" என்றார்.

எல்லோர் முகத்திலும் நிம்மதி. மறுநாள் காலையிலேயே வீட்டுத் தரகரிடம் சொல்லிவிட்டேன்.

அந்தச் சொல் பதிலாகாது என்று எனக்குத் தெரியாதா? மூன்று புத்தகங்கள் வாசித்திருந்தேன், தெரியும். எனக்கு வசதியான இடத்தில் தெரிந்ததை மறந்துவிட்டேன். இந்தக் கட்டுரையில் நான் யோசிக்க விரும்புவது அந்த மறதியைப் பற்றித்தான். பிடித்ததை மட்டுமே வாசிப்பதில் தவறு ஏதும் உண்டா? அது அவரவர் சொந்த விஷயம், யாருக்கும் நஷ்டமில்லை என்றுதான் அதுவரை நினைத்திருந்தேன்.

என் வேலையே பரிந்துரை அல்காரிதம்தான். உங்களைப் போல வாங்கியவர்கள் வேறு என்ன வாங்கினார்கள் என்று பார்த்து, அதை உங்கள் முன்னால் வைப்பது. இதில் எல்லோருக்கும் தெரிந்த ஒரு சிக்கல் உண்டு. ஒருவருக்குப் பிடிக்கும் என்று உறுதியாகத் தெரிந்ததையே காட்டலாம், அல்லது தெரியாத ஒன்றைக் காட்டிப் பார்க்கலாம். இரண்டாவதைச் செய்தால் அந்த வாரம் கிளிக் குறையும். கிளிக் குறைந்தால் திங்கட்கிழமை மீட்டிங்கில் பதில் சொல்ல வேண்டும். அதனால் தெரியாததற்கு ஒதுக்கும் பங்கை நாங்கள் சிறியதாகவே வைத்திருப்போம். மூளை நூல் ஒன்றை வாங்கிய எனக்கு, என்னைப் போன்றவர்கள் எழுதிய இயந்திரம் அடுத்தடுத்து மூளை நூல்களையே காட்டியதில் ஆச்சரியமில்லை. அத்தனையும் நல்ல நூல்கள்தான். ஆனால் எல்லாவற்றிலும் நான் நின்ற இடம் ஒன்றே. கட்டிலுக்கு வெளியே, நோயாளியைப் பார்த்துக்கொண்டு, விவரம் தெரிந்தவனாக.

திருவல்லிக்கேணியில் பைகிராஃப்ட்ஸ் சாலை நடைபாதைக் கடை ஒன்றில் இரண்டு புத்தகம் எடுத்தேன். நூற்றுமுப்பது ரூபாய் ஆனது. இருநூறு ரூபாய்த் தாளைக் கொடுத்தேன். கடைக்காரரிடம் ஐம்பது ரூபாய்த் தாள்தான் இருந்தது, இருபதுக்குச் சில்லறை இல்லை. "இத வச்சுக்கங்க சார், சின்ன புக்குதான்" என்று கையில் அகப்பட்ட ஒன்றை உள்ளே போட்டார். ஜான் டொமினிக் போபி எழுதிய 'தி டைவிங் பெல் அண்ட் தி பட்டர்ஃபிளை'.

போபி பாரிஸில் 'எல்' பத்திரிகையின் ஆசிரியராக இருந்தவர். 1995 டிசம்பரில் பக்கவாதம் வந்து உடம்பு முழுவதும் முடங்கிவிட்டது. அசைக்க முடிந்தது இடது கண்ணிமையைத்தான். பிரெஞ்சு எழுத்துகளை அதிகம் புழங்கும் வரிசையில் ஒருவர் சொல்லிக்கொண்டே வருவார். வேண்டிய எழுத்து வரும்போது இவர் இமைப்பார். அப்படி எழுத்தெழுத்தாகச் சொல்லி எழுதப்பட்ட நினைவுக் குறிப்புகள் அவை. 1997 மார்ச்சில் நூல் வெளியாகி, சில நாட்களிலேயே அவர் இறந்தார்.

எழுத்துகளை அப்படி வரிசைப்படுத்தியதைத்தான் முதலில் ரசித்தேன். தொழில்புத்தி. தமிழில் 247 எழுத்துக்கு இது எப்படி வேலை செய்யும் என்று கணக்குக்கூடப் போட்டேன். பிறகு பக்கங்கள் போகப் போக வேறொன்று நடந்தது. படுக்கையில் இருப்பவருக்கு நகைச்சுவை உண்டு, எரிச்சல் உண்டு, தன் அறைக்கு வருகிறவர்களைப் பற்றி அபிப்பிராயங்கள் உண்டு. என்னை அவர் கட்டிலுக்கு உள்ளே படுக்க வைத்து, வாசலில் வந்து நிற்கிறவர்களைப் பார்க்கச் செய்தார். அப்படி வந்து நின்றவர்களில் ஒருவன் கையில் போனோடு மூளையின் படத்தைக் காட்டிக்கொண்டிருந்தான்.

இரண்டும் வேறு வேறு நிலைகள் என்பதைச் சொல்லிவிட வேண்டும். போபிக்கு மொழி முழுதாக உள்ளே இருந்தது, உடம்புதான் பூட்டிக்கொண்டது. அப்பாவுக்கு அடிபட்டது மொழியே. அதனால் அந்தப் புத்தகம் எனக்கு எந்த வழிமுறையையும் தரவில்லை. தந்தது வெட்கத்தைத்தான்.

அந்த வாரம் ஊருக்குப் போனதும் அப்பாவின் இடது கையைப் பிடித்துக்கொண்டேன். விரித்தால் வேண்டும், மூடினால் வேண்டாம் என்று பலமுறை செய்து காட்டினேன். சாப்பாடு, ஃபேன், டிவி என்று சின்னக் கேள்விகளில் இரண்டு நாள் பழகினோம். மூன்றாம் நாள் கேட்டேன்.

"சென்னைக்குப் போயிடலாமாப்பா?"

"சரி" என்றார். விரல்கள் மூடிக்கொண்டன.

"இங்கேயே இருக்கீங்களா?"

"சரி." கை விரிந்தது.

கேள்விகளை மாற்றிப்போட்டு மறுநாளும் கேட்டேன். கை மாறவில்லை. தரகருக்குப் போன் செய்து வேண்டாம் என்று சொன்னேன்.

இந்த ஊரிலேயே நடந்த ஒரு கதை அப்போதுதான் எனக்கு வேறு மாதிரி புரிந்தது. 1880 அக்டோபரில் கும்பகோணத்துக்கு முன்சீப்பாக வந்திருந்த சேலம் இராமசாமி முதலியாரைப் பார்க்க உ.வே.சாமிநாதையர் போகிறார். வயது இருபத்தைந்து, கல்லூரித் தமிழாசிரியர். என்ன வாசித்திருக்கிறீர்கள் என்று கேட்க, அந்தாதி, பிள்ளைத்தமிழ், புராணம் என்று நீளமான பட்டியல் ஒன்றைச் சொல்கிறார். முதலியார் அசரவில்லை. சீவக சிந்தாமணி வாசித்ததுண்டா என்று கேட்கிறார். இல்லை. சைவ மடத்தில் தமிழ் கற்ற உ.வே.சா. அதன் பிறகு அந்தச் சமணக் காப்பியத்தைப் புரிந்துகொள்ள, கும்பகோணத்துச் சமண அன்பர்களிடம் போய் உட்கார்ந்து கேட்கிறார். 1887இல் சிந்தாமணி அச்சாகிறது. பள்ளியில் இதைத் தமிழ்நூல்கள் மீண்ட கதையாகச் சொல்லிக்கொடுத்தார்கள். இன்று நான் கவனிப்பது, பெருமையாகச் சொன்ன பட்டியலைக் கேட்டு ஒருவர் வியக்க மறுத்த அந்த நிமிஷத்தை. அவமானப்பட்டு எழுந்து வந்திருக்கலாம். அவர் போய்க் கேட்டார்.

கணித ஆசிரியராக இருந்து 1924இல் சென்னைப் பல்கலைக்கழக நூலகரான சீர்காழி எஸ்.ஆர். ரங்கநாதன், 1931இல் நூலகத்துக்கு ஐந்து விதிகளை எழுதினார். இரண்டாவது, ஒவ்வொரு வாசகருக்கும் அவருக்கான நூல். மூன்றாவது, ஒவ்வொரு நூலுக்கும் அதற்கான வாசகர். மேலோட்டமாகப் பார்த்தால் இரண்டும் ஒன்று போலத் தெரியும். என் வேலை இரண்டாவது விதியோடு நின்றுவிடுகிறது. மூன்றாவது விதிக்காகத்தான் அவர் அலமாரிகளைத் திறந்து வைக்கச் சொன்னார். வாசகர் எதையோ தேடி நடக்கும்போது பக்கத்துத் தட்டில் காத்திருக்கும் வேறொன்று கண்ணில் பட வேண்டும்.

போலந்துக் கவிஞர் விஸ்வாவா சிம்போர்ஸ்கா இதை ஒரு விளையாட்டாகவே செய்தவர். பத்திரிகைகளுக்கு வந்து யாரும் மதிப்புரை எழுதாமல் குவிந்து கிடக்கும் பாப்புலர் சயின்ஸ் நூல்கள், அகராதிகள், வீட்டுவேலைக் கையேடுகள் ஆகியவற்றைப் பற்றி 1967 முதல் பல வருடங்கள் பத்தி எழுதினார். 1996இல் நோபல் பரிசு பெற்றவர். அவருடைய பத்திகளைப் பிடித்துத்தான் கவிதைகளுக்குப் போனேன். அதற்கு முன் நான் கவிதை வாசித்ததில்லை, நேரவிரயம் என்று நினைப்பு. ஒரே சாதாரணச் சொல் இடத்துக்கு இடம் எவ்வளவு வேறுபடும் என்பதைக் கவிதையில் நிதானமாகப் பார்த்த பிறகு, அப்பாவின் "சரி" ஒன்றல்ல என்பது காதில் விழத் தொடங்கியது. இழுத்துச் சொன்னால் அலுப்பு. வெட்டிச் சொன்னால் மறுப்பு. மூச்சோடு சேர்ந்து வந்தால் அம்மாவைக் கூப்பிடுகிறார். அம்மாவுக்கு இது முதல் வாரத்திலேயே தெரியும். அவள் புத்தகமே வாசிப்பதில்லை.

ஆகவே பலதும் வாசித்தால் நல்லவனாகலாம் என்றெல்லாம் நான் சொல்ல முடியாது. நிறைய வாசித்தவர்களின் கொடுமைக்கு வரலாற்றில் பஞ்சமில்லை. என் வீட்டிலேயே, நிறைய வாசித்த நான்தான் தவறு செய்தேன். எல்லா வகையிலும் ஒன்றிரண்டு தொட்டுப் பார்ப்பதும் ஒருவித ஷாப்பிங்காக முடியலாம், ஆழம் போய்விடலாம். அதெல்லாம் உண்மைதான். நான் சொல்ல வருவது சின்ன விஷயம். ஒவ்வொரு வகை எழுத்தும் நம்மை ஓரிடத்தில் நிறுத்துகிறது. ஒரே வகையை வாசித்துக்கொண்டிருந்தால் அந்த ஒரே இடத்தில் நிற்பது பழகிப்போய், மனிதர்களையும் அங்கிருந்துதான் பார்ப்போம். பாட்டைத் தேடித்தந்த அதே அறிவியல், "சரி"யைச் சம்மதமாக எடுத்துக்கொண்டபோது என்னைத் தடுக்கவில்லை. தடுக்க வேண்டியது அதன் வேலையும் இல்லை. வேறு குரல்களை அறைக்குள் விட்டிருக்க வேண்டியது என் பொறுப்பு.

அப்பாவின் கைக்குக் கட்டுப்பட்டது சரியான முடிவா என்று இன்றும் உறுதியாகச் சொல்ல முடியவில்லை. சென்னையில் பேச்சுப் பயிற்சி இன்னும் நன்றாகக் கிடைத்திருக்கும். அம்மாவுக்கு முதுகுவலி அதிகமாகிவிட்டது. என் வெள்ளிக்கிழமை இரவுகள் ரயிலில் போகின்றன. என் வசதிக்காக நான் எடுத்த முடிவாக இது இல்லை என்பது மட்டும் தெரியும்.

இப்போது அப்பாவுக்கு ஏழெட்டுச் சொற்கள் வருகின்றன. போன மாதம் 'என் சரித்திரம்' வாசித்துக் காட்ட ஆரம்பித்தேன். தமிழ் இலக்கியமெல்லாம் அவர் தொட்டதே இல்லை. ஊர்ப் பெயர்கள் வரும் இடங்களில் தலையைத் தூக்குவார். ஒரு அத்தியாயம் முடிந்ததும் மூடி வைக்கப் போனேன். "சரி" என்றார். எந்தச் "சரி" என்று பிடிபடவில்லை. இடது கையைப் பார்த்தேன்.

விரித்து வைத்திருந்தார். அடுத்த அத்தியாயத்தைத் திறந்தேன்.