வேஷமும் வேலையும்

"அவன் நடிக்கிறான்" என்று பக்கத்து வீட்டுக்காரரைப் பற்றிச் சொன்னால் அது வசை. மேடையில் நிற்பவரைப் பற்றிச் சொன்னால் அது தொழில். ஒரே சொல்லுக்கு இந்த இரண்டு முகங்கள் எப்படி வந்தன? வேஷம் எப்போது கலையாகிறது, எப்போது கயமையாகிறது?

இதை எண்ணும்போது விக்டர் த்சோய் என்ற ருஷ்யப் பாடகரின் வாழ்க்கை என் நினைவுக்கு வருகிறது. 1962-இல் லெனின்கிராடில் பிறந்தவர். தந்தை கொரிய வம்சத்தவர். தாய் ருஷ்யப் பெண்மணி. 'கீனோ' என்ற ராக் இசைக் குழுவின் தலைமைப் பாடகராக லட்சக்கணக்கான இளைஞர்களின் உள்ளத்தில் இடம் பிடித்தவர். 'கீனோ' என்றால் அவர்கள் மொழியில் சினிமா என்று பொருள்.

அந்நாளைய சோவியத் நாட்டில் உத்தியோகமின்றி இருப்பது சட்டப்படி குற்றம். சர்க்கார் அங்கீகரிக்காத பாட்டோ உத்தியோகமாகாது. ஆகவே த்சோய் ஒரு கொதிகலன் அறையில் கரி அள்ளிப் போடும் வேலைக்குப் போனார். காகிதத்தில் அவர் கூலித் தொழிலாளி. மக்கள் மனத்திலே கவிஞர். அப்படியானால் அந்தத் தொழிலாளி வேஷம் பொய்தானே என்று கேட்கத் தோன்றும். சட்டத்துக்காகப் போட்ட வேஷம் என்பது உண்மையே. ஆனால் அடுப்பில் விழுந்த கரி உண்மையான கரி அல்லவா? அவர் அள்ளுவதுபோல் பாவனை செய்துவிட்டுப் படுத்திருந்தால், லெனின்கிராடின் பனிக்காலத்தில் யாரோ ஒரு கிழவி தன் வீட்டில் குளிரால் நடுங்கியிருப்பாள்.

1988-இல் ரஷீத் நுக்மானோவ் இயக்கிய 'ஊசி' என்ற படத்தில் அவர் கதாநாயகனாக நடித்தார். போதை மருந்துக்கு அடிமையான பழைய காதலியை மீட்கப் போராடும் மோரோ என்ற இளைஞன் வேஷம் அவருக்கு. கடைசிக் காட்சியில் கத்திக் குத்துப்பட்டுப் பனியில் மண்டியிடுகிறான் மோரோ. பிறகு எழுந்து நடந்து போகிறான். அந்த நடையில் மிகை இல்லை, கெஞ்சல் இல்லை. கரி அள்ளியவனின் நிதானம் அதில் இருக்கிறது.

1990 ஆகஸ்ட் 15-ஆம் தேதி, லாட்வியாவில் நடந்த கார் விபத்தில் த்சோய் இறந்தார். வயது இருபத்தெட்டுதான். படத்தில் எழுந்து நடந்தவர் அங்கே எழவில்லை. அவர் வேலை செய்த கொதிகலன் அறை பிற்பாடு அவருடைய நினைவிடமாயிற்று.

வேஷம் போடாத மனிதர் உலகில் யார்? தகப்பன், மருமகள், குமாஸ்தா, ஆசிரியர் எல்லாமே நாம் பிறக்கும்போது உடன் கொண்டுவராத வேஷங்கள்தாம். பல சமயங்களில் அவை நாம் விரும்பி ஏற்றவையும் அல்ல. விரும்பாத வேஷத்தை ஏற்றவனைப் பொய்யன் என்று சொல்ல எனக்கு மனம் வரவில்லை. வேஷத்துக்குரிய மரியாதையை வாங்கிக்கொண்டு, அதற்குரிய வேலையைச் செய்யாமல் நழுவுகிறானே, அவன்தான் பொய்யன். பெற்ற பிள்ளையின் முகத்தை நிமிர்ந்து பார்க்க நேரமில்லாத தகப்பன், மேடை ஏறாமலே நடிக்கிறான். அவன் வீட்டில் அடுப்பு இருக்கிறது, கரிதான் விழவில்லை.