விளக்கு ஒன்றே போதும்

1935-ஆம் ஆண்டில் ஆஸ்திரிய நாட்டு இயற்பியல் அறிஞர் எர்வின் ஷ்ரோடிங்கர் ஒரு கற்பனைச் சோதனையை முன்வைத்தார். குவாண்டம் கொள்கையை அப்படியே பொருத்தினால், மூடிய பெட்டிக்குள் உள்ள பூனை, திறந்து பார்க்கும்வரை உயிரோடும் இருக்கிறது, இறந்தும் இருக்கிறது என்றாகிவிடும்! இம்முடிவின் விந்தையைக் காட்டுவதே அவரது நோக்கம்.

வேதாந்தம் கூறுவது வேறு. அரையிருளில் கயிறு பாம்பாகத் தெரிகிறது. அந்தப் பாம்பு இல்லாதது என்போமா? முயற்கொம்பு எவருக்கும் தோன்றுவதில்லை. இதுவோ தோன்றி, நெஞ்சை நடுங்கச் செய்கிறது. உள்ளது என்போமா? விளக்கொளியில் மறைந்துவிடுகிறது. உள்ளதென்றும் இல்லதென்றும் கூறவியலாத இதனையே அத்வைதம் 'மித்யை' என்கிறது.

நம் அச்சங்களில் பலவும் இத்தகையவையே. அந்தப் பாம்பைத் தடியால் அடித்துக் கொல்ல முடியுமா? விளக்கு ஒன்றே போதும். அச்சம் எழும்போது, 'இதை அறிபவன் யார்?' என்று உள்நோக்கி வினவுங்கள். அச்சம் வரும், போகும். அதை அறியும் ஆத்மா என்றும் உள்ளது.