பட்டாவில் இல்லாத ஊர்

2023 ஜூலை இறுதியில், நெய்வேலிச் சுரங்கப் பகுதியை ஒட்டிய வளையமாதேவியில், வளர்ந்து நின்ற நெல்லை இயந்திரங்கள் சேற்றோடு புரட்டிப் போட்டன. நெய்வேலிச் சுரங்க விரிவாக்கத்துக்காகப் பரவனாற்றுக்கு மாற்றுக் கால்வாய் வெட்டும் வேலை. நிலத்தை எப்போதோ எடுத்துப் பணமும் கொடுத்தாயிற்று என்றது சுரங்கத்தை நடத்தும் என்.எல்.சி. நிறுவனம். எடுத்த நிலத்தை ஆண்டுக்கணக்கில் அப்படியே போட்டிருந்ததும், உழவர்கள் அதில் தொடர்ந்து நட்டு வந்ததும் உண்மை. பயிருக்கு ஏக்கருக்கு 40,000 ரூபாய் தரச் சொன்னது உயர் நீதிமன்றம். நெல்லின் கணக்கு ஒருவாறு முடிந்தது. ஊரின் கணக்கு?

நில எடுப்பில் சர்வே எண்ணுக்கு விலை உண்டு. கிணற்றுக்கும் மரத்துக்கும் உண்டு. 2013-ஆம் ஆண்டு நில எடுப்புச் சட்டம் பிழைப்பை இழக்கும் நிலமற்றவரையும் பாதிக்கப்பட்டோர் என்கிறது. ஆனாலும் குடும்பம் குடும்பமாகத்தான் எண்ணுகிறது. ஏரித் தண்ணீரை முறைவைத்துப் பாய்ச்சிய ஏற்பாடும், ஒரே சுடுகாட்டில் தலைமுறைகள் எரிந்த உறவும் யார் பெயரிலும் பட்டா ஆகாதவை.

இப்படிப் பட்டாவில் ஏறாததை எழுதிவைத்தவர்கள் உண்டு. இரண்டாம் உலகப் போருக்குப் பின், கிழக்கு ஐரோப்பாவில் அழிக்கப்பட்ட தங்கள் ஊர்களைப் பற்றி, தப்பிய யூதர்கள் கூடி நினைவு நூல்கள் எழுதினார்கள். தெரு வரைபடம், தொழில்கள், பட்டப்பெயர்கள், இறந்தவர் பட்டியல் என்று நூற்றுக்கணக்கான ஊர்களுக்கு, யிஸ்கோர் எனப்படும் இந்த நூல்கள் வந்தன. 1966-இல் நோபல் பரிசு பெற்ற எபிரேய எழுத்தாளர் அக்னோனும் தன் புச்சாச் ஊரைக் கதை கதையாக எழுதிவைத்தார். இன அழிப்பையும் நில எடுப்பையும் ஒரே தராசில் வைப்பது அநியாயம். ஆனால் ஊர் இழந்தவருக்குத் தாம் யார் என்று சொல்ல ஒரு பதிவு வேண்டும் என்பது இரண்டு இடத்திலும் ஒன்றே.

ஊர் என்றதும் உருகுவதற்கு முன் ஒன்று கேட்க வேண்டும். சேரியில் இருந்தவருக்கு அந்த ஊர் என்னவாக இருந்தது? பதிவு எழுதினால் அவர் வாயிலிருந்தும் எழுத வேண்டும். கோயில் மரியாதையை மட்டும் எழுதினால் அது பொய்ப் பதிவு.

மின்சாரம் வேண்டாம் என்று யாரும் சொல்லப்போவதில்லை; இதைப் படிப்பவர் வீட்டு விளக்கிலும் நெய்வேலிக்குப் பங்கு இருக்கலாம். அதனாலேயே ஊருக்குப் பட்ட கடன் என்.எல்.சி.யோடு நிற்பதில்லை. நிலம் எடுக்கும் முன் அந்த ஊரின் வரலாற்றை, அதன் மக்களைக் கொண்டே எழுதி அச்சிடுவதை இழப்பீட்டின் பகுதியாக அரசு சட்டத்தில் சேர்க்க வேண்டும். செலவு சுரங்கத்துடையது.