வரலாற்றில் கடவுளுக்கு என்ன வேலை?

இப்னு கல்தூனின் 'முகத்திமா'வை மொழிபெயர்ப்பில் படிக்கிறவர்களுக்கு ஒரு விசித்திரம் சீக்கிரமே கண்ணில் படும். பாலைவனக் குழுக்களின் கட்டுக்கோப்பு, நகரத்துச் சொகுசு, வரி, கூலி, விலைவாசி என்று அரசுகளின் எழுச்சிக்கும் வீழ்ச்சிக்கும் காரணங்களை ஒவ்வொன்றாக எடுத்துவைக்கும் அந்த மனிதர், ஏறத்தாழ ஒவ்வொரு பகுதியையும் இறைவன் பெயரைச் சொல்லித்தான் முடிக்கிறார். அனைத்தும் அறிந்தவன் அவனே என்பார். நிலத்துக்கும் அதன்மேல் வாழ்வோருக்கும் கடைசி வாரிசு அவனே என்பார். 1377இல், இன்றைய அல்ஜீரியாவில் ஒரு கோட்டையில் ஒதுங்கியிருந்தபோது, ஐந்தே மாதத்தில் எழுதிய நூல் இது. எழுதியவர் துனிஸில் பிறந்து, பிற்காலத்தில் கெய்ரோவில் மாலிகி சட்டப்பள்ளியின் தலைமைக் காழியாக, அதாவது தலைமை நீதிபதியாக, இருந்தவர். அவர் இறைவனைக் குறிப்பிடுவதில் வியப்பில்லை. அந்தக் குறிப்புக்கு நூலின் வாதத்தில் ஏதாவது வேலை இருக்கிறதா, அல்லது கடிதத்தின் தலையில் போடும் பிள்ளையார் சுழி மாதிரிதானா என்பதுதான் கேள்வி.

மொழிபெயர்ப்பாளர்களும் அவர்களை நம்பிப் படித்தவர்களும் பெரும்பாலும் இரண்டாவது விடையைத்தான் தேர்ந்துகொண்டார்கள். 1860களில் நூலைப் பிரெஞ்சில் கொண்டுவந்த த ஸ்லான், அல்ஜீரியாவில் பிரெஞ்சுப் படையின் தலைமை மொழிபெயர்ப்பாளராக இருந்தவர். ஆளப்படும் மக்களை அறிந்துகொள்ளும் கருவியாக இப்னு கல்தூனைப் பார்த்த அரசு அவருக்குப் பின்னால் இருந்தது. 1950இல் சார்லஸ் இஸாவி ஆங்கிலத்தில் சிறுசிறு பகுதிகளைத் தேர்ந்தெடுத்துத் தலைப்புவாரியாக அடுக்கினார். ஃபிரான்ஸ் ரோசந்தால் 1958இல் மூன்று தொகுதிகளாக முழு நூலையும் தந்தார், முடிப்புத் தொடர்களையும் விடாமல். ஆனால் அந்த மூன்று தொகுதிகளை வாங்கிப் படித்தவர்களைவிட, 1967இல் தாவூத் அதைச் சுருக்கி ஒரே தொகுதியாக்கியதைப் படித்தவர்களே அதிகம். இப்படிப் படிப்படியாக உருவானவர்தான் 'சமூகவியலின் முன்னோடி' இப்னு கல்தூன்: காலத்தை முந்திப் பிறந்துவிட்ட, உள்ளூர மதச்சார்பற்ற அறிஞர். இந்த உருவம் பிழையானது என்பது என் வாதம். அவருடைய சமூக அறிவியல் இறையியலை மீறி வளர்ந்த ஒன்றாக எனக்குத் தோன்றவில்லை. இறையியலே அதற்கு இடம் ஒதுக்கிக் கொடுத்திருக்கிறது.

எப்படி என்பதற்கு நூலின் ஆறாம் அத்தியாயத்தில் கலாம் என்னும் இறையியல் துறையைப் பற்றி அவர் எழுதியிருப்பதைப் பார்க்க வேண்டும். ஒவ்வொரு நிகழ்வுக்கும் காரணம் உண்டு, அந்தக் காரணத்துக்கும் ஒரு காரணம் உண்டு. தொடர்ந்து போனால் அறிவு வழிதவறிவிடும். ஒரு காரணம் தன் விளைவை எந்த வகையில் உண்டாக்குகிறது என்பது நமக்குத் தெரியாது. ஒன்றை அடுத்து இன்னொன்று வருவதைப் பழக்கத்தால் அறிகிறோம், அவ்வளவுதான். அஷ்அரி என்னும் இறையியல் மரபின் அடிப்படை நிலைப்பாடு இது: நெருப்பு பஞ்சை எரிப்பது நெருப்பின் கட்டாயம் இல்லை, இறைவன் வழக்கமாக அப்படிச் செய்கிறான். கேட்டவுடன், இது அறிவியலின் கழுத்தை நெரிக்கும் கொள்கை என்று தோன்றும். இப்னு கல்தூன் இதிலிருந்து எடுத்துக்கொண்ட பாடம் வேறு. உலகம் இறைவனின் வழக்கப்படி நடக்கிறது என்றால், அந்த வழக்கத்தைக் கண்ணால் கண்டு, சான்றுகளை ஒப்பிட்டு, எண்ணிக்கையைச் சரிபார்த்துத்தான் தெரிந்துகொள்ள முடியும். தத்துவ முதற்கோள்களிலிருந்து இறக்கிக்கொண்டு வர முடியாது.

ஓர் இடத்தை மட்டும் நெருங்கிப் பார்க்கலாம். எகிப்திலிருந்து வெளியேறிய இஸ்ரவேலர் நாற்பது ஆண்டுகள் பாலையில் அலைந்தார்கள் என்பது வேதம் சொல்லும் தண்டனை. இப்னு கல்தூன் அதை மறுக்கவில்லை. அதற்குள் ஒரு சமூகக் காரணத்தைக் காண்கிறார். அடிமைத்தனத்தில் பழகிய தலைமுறைக்கு அஸபிய்யா, அதாவது ஒருவருக்காக ஒருவர் நிற்கும் குழுப்பற்று, அற்றுப்போயிருந்தது. போரிட்டு நாட்டைப் பிடிக்க அவர்களால் ஆகாது. அந்தத் தலைமுறை மடிந்து, ஆண்டையை அறியாத புதிய தலைமுறை வளர நாற்பது ஆண்டுகள் வேண்டியிருந்தன. அலைச்சலின் நோக்கமே அதுதான் என்கிறார். இதைக்கொண்டே ஒரு தலைமுறைக்கு நாற்பது ஆண்டு, ஓர் அரச மரபுக்குப் பெரும்பாலும் மூன்று தலைமுறை, ஆக 120 ஆண்டு ஆயுள் என்ற தன் புகழ்பெற்ற கணக்கையும் நிலைநிறுத்துகிறார். அதே இஸ்ரவேலர் படையில் ஆறு லட்சம் பேர் இருந்ததாக வரலாற்றாசிரியர் அல்-மஸ்ஊதி எழுதியதை நூலின் தொடக்கத்திலேயே தள்ளிவிடுகிறார்: யஃகூபுக்கும் (யாக்கோபு) மூஸாவுக்கும் (மோசே) இடையிலான நான்கு தலைமுறைகளில் அத்தனை பேர் பெருகியிருக்க முடியாது, அவ்வளவு பெரிய படை ஒரு களத்தில் நின்று போரிடவும் முடியாது. வேதக் கதை அவருக்குச் சான்றாகவும் பயன்படுகிறது, அதையொட்டிக் கிளம்பிய மிகையை வெட்டுவதற்கான இடமாகவும் இருக்கிறது. இந்த மனிதருக்குள் பக்தருக்கும் ஆய்வாளருக்கும் சண்டை நடப்பதாக எனக்குப் படவில்லை.

இதைவிடத் துணிச்சலானது நபித்துவம் பற்றிய அவர் வாதம். இப்னு சீனாவின் வழிவந்த தத்துவவாதிகள் ஒரு நிரூபணம் வைத்திருந்தார்கள்: மனிதர் கூடி வாழ்ந்தால்தான் பிழைக்க முடியும்; கூடினால் சண்டை வரும்; அதை அடக்க ஓர் அதிகாரம் வேண்டும்; அந்த அதிகாரத்துக்கு இறைச்சட்டமும் அதைக் கொண்டுவரும் நபியும் வேண்டும். மதத்துக்கு இதைவிட வசதியான ஆதரவு கிடைக்காது. காழி வேலை பார்த்த மனிதர் அதை ஏற்க மறுக்கிறார். வேதம் பெற்ற மக்கள் உலகில் சிறுபான்மை. மஜூஸிகள் என்று அவர் சொல்லும் வேதமில்லாத மக்களே மிகுதி. அவர்களுக்கும் அரசுகளும் நினைவுச்சின்னங்களும் இருந்தனவே என்கிறார். சமூகம் நிலைக்க நபி தேவை என்பது பகுத்தறிவால் பெற முடியாத முடிவு. நபித்துவத்தின் தேவையை ஷரீஅத் வழியாகத்தான் அறிகிறோம். அரசியலை வேதத்திலிருந்து பிரிப்பதன் மூலம் அவர் வேதத்தையும் அரசியலின் தயவிலிருந்து பிரித்துவிடுகிறார். சட்டம் ஒழுங்குக்கு உதவுகிறது என்பதற்காக நம்பப்படும் வேதம், போலீஸ்காரர் வந்ததும் தேவையற்றதாகிவிடும் அல்லவா?

இதற்கு வரும் முதல் மறுப்பு எளியது: அந்த முடிப்புத் தொடர்கள் அரபு உரைநடையின் வழக்கம், சமையல் குறிப்பு எழுதியவரும் அப்படித்தான் முடித்திருப்பார். பல இடங்களில் இது உண்மையே. ஆனால் இறைவனின் வழக்கம் என்ற கருத்து தொடர்களின் வாலில் மட்டும் ஒட்டிக்கொண்டிருக்கவில்லை. வாதத்தின் நடுவிலும் வேலை செய்கிறது. மதப் பிரசாரகர் கலகம் செய்தால் ஏன் தோற்கிறார் என்று விளக்கும் பகுதி அதற்குச் சாட்சி. கலீஃபா அமீன் கொல்லப்பட்ட பிறகு பாக்தாதில் கொள்ளை பெருகியபோது, சஹ்ல் இப்னு சலாமா குர்ஆனைக் கழுத்தில் தொங்கவிட்டுக்கொண்டு நன்மையை ஏவக் கிளம்பினார். இப்ராஹீம் இப்னுல் மஹ்தியின் படை அவரை வீழ்த்தியது. அந்தலூசியாவில் சூஃபித் தலைவர் இப்னு கஸீயின் எழுச்சிக்கும் ஆயுள் குறைவு. இருவருக்கும் பின்னால் அஸபிய்யா இல்லை. தன் மக்களின் பாதுகாப்பு இல்லாமல் எந்த நபியையும் இறைவன் அனுப்பியதில்லை என்ற ஹதீஸை இங்கே அவர் கொண்டுவருகிறார். அற்புதங்கள் செய்ய வல்ல நபிமாருக்கே வழக்கம்தான் பாதை என்றால், மற்றவர் எம்மாத்திரம்? இப்படிக் கிளம்புகிறவர் மனநிலை பிறழ்ந்தவராக இருந்தால் மருத்துவம் பார்க்க வேண்டும் என்றும் சொல்லிவைக்கிறார்.

இரண்டாவது மறுப்பு, 1957இல் முஹ்சின் மஹ்தி எழுதிய நூலின் சாயலில் வருவது: இப்னு கல்தூன் உண்மையில் தத்துவவாதிகளின் சீடர், வைதிகம் அவர் போட்டுக்கொண்ட முகமூடி. முகமூடிக் கோட்பாடுகளில் ஒரு வசதி உண்டு, எந்தச் சான்று கிடைத்தாலும் அவற்றுக்குச் சாதகமாகிவிடும். தத்துவத்தை மறுத்து ஒரு தனிப் பகுதியே எழுதியிருக்கிறாரே என்றால், அதுவும் வேடம் என்று பதில் வரும். அந்தப் பகுதியோ வெறும் கண்டனமாக இல்லை. அறிவு பிழையற்ற தராசுதான், ஆனால் பொன் நிறுக்கும் தராசில் மலையை நிறுக்க ஆசைப்படாதே என்று வேறோர் இடத்தில் அவர் சொல்வதோடு அது கச்சிதமாகப் பொருந்துகிறது. மந்திரவாதம், கனவு, எழுத்துக்களின் மறைசக்தி பற்றி அவர் பக்கம் பக்கமாக எழுதியிருப்பது இன்றைய வாசகருக்குச் சங்கடம் தரும். சங்கடம் நம்முடையது; ஒரு பகுத்தறிவாளரின் வேடத்துக்கு இவ்வளவு உழைப்பு தேவையில்லை.

மூன்றாவது மறுப்புதான் கனமானது. எல்லாக் காரணங்களும் இறைவனின் வழக்கம் என்றால், அந்தச் சொல் எந்தத் தனிக் காரணத்தையும் விளக்கவில்லை; எடுத்துவிட்டால் என்ன குறையும்? தனி விளக்கங்களில் ஒன்றும் குறையாது என்று ஒப்புக்கொள்ளத்தான் வேண்டும். ஆனால் அந்த விளக்கங்களைக்கொண்டு யார் என்ன செய்யலாம் என்பது மாறிவிடுகிறது. 1981 அக்டோபரில் அமெரிக்க அதிபர் ரீகன் ஒரு செய்தியாளர் சந்திப்பில் இப்னு கல்தூனை மேற்கோள் காட்டினார்: அரசின் தொடக்கத்தில் வரி குறைவு, வருவாய் அதிகம், முடிவில் நேர்மாறு. மூலத்தில் அந்தக் குறைந்த வரிக்குக் காரணம் சொல்லப்பட்டிருக்கிறது. மதவழியில் நிற்கும் அரசு ஸகாத், நிலவரி, தலைவரி என ஷரீஅத் வரையறுத்ததோடு நிற்கிறது. குழுப்பற்றால் எழுந்த அரசோ பாலையின் எளிமையாலும் பணிவாலும் அடுத்தவர் பொருளில் கைவைக்கத் தயங்குகிறது. பிறகு சொகுசு வருகிறது, செலவு வருகிறது, வரி ஏறுகிறது, உழுகிறவன் கைவிட்டுவிட்டுப் போகிறான். காரணத்தை உதிர்த்துவிட்டு விதியை மட்டும் எடுத்துக்கொண்டால், அது எந்த அரசும் திருகிப் பார்க்கக்கூடிய கருவியாகிவிடுகிறது. இப்னு கல்தூனிடம் அப்படி ஒரு கருவி இல்லை. முதுமை தட்டிய அரசு சீர்திருத்தத்தால் மீளாது என்றே அவர் எழுதினார். அரசனின் வெற்றியும் அவனை அழிக்க வருகிறவனின் வெற்றியும் ஒரே வழக்கத்தைச் சேர்ந்தவை என்பதால், இறைவன் தன்னைத் தேர்ந்தெடுத்துவிட்டான் என்று சொல்லிக்கொள்ளவும் அவருடைய நூலில் எந்த அரசனுக்கும் இடமில்லை. ஒரு வாக்கியத்தை மட்டும் உருவிக்கொண்டவருக்கு அந்த இடம் தாராளமாகக் கிடைக்கிறது.