வண்டி என்ன தப்பு செய்தது?

எங்கள் பொன்மலையில் ஒரு பெரியவர். ரயில்வே ஒர்க்‌ஷாப்பில் முப்பது வருஷத்துக்கு மேல் இரும்போடு மல்லுக்கட்டி ரிட்டயர் ஆனவர். வந்த பணத்தோடு கொஞ்சம் கடனும் சேர்த்து ஒரு மினி லாரி வாங்கி, டிரைவர் போட்டார். பகலில் காந்தி மார்க்கெட் காய்கறி. ராத்திரியில் கொள்ளிடத்து மணல். இரண்டாவது, டிரைவரின் சொந்த ஏற்பாடு. ஒருநாள் வண்டி மாட்டியது.

ஒரு வருஷத்துக்கும் மேலாக அது காவல் நிலைய வாசலில் கிடந்தது. பி.காம்.மில் எனக்குத் தேய்மானக் கணக்கு சொல்லித் தந்திருக்கிறார்கள். ஓடுகிற வண்டியைவிட நிற்கிற வண்டி வேகமாகத் தேயும் என்பதை இங்கேதான் படித்தேன். நிற்காமல் ஓடியது, கடனுக்கு வட்டி மட்டும்.

"தப்பு பண்ணவன் ஜாமீன்ல வந்து டீ குடிச்சிட்டிருக்கான் தம்பி. என் வண்டி இன்னும் உள்ளே இருக்கு" என்றார் பெரியவர்.

ரொம்பப் பழைய வழக்கு இது. இங்கிலாந்தில் ஒரு காலத்தில் வண்டி ஏறி ஆள் செத்தால் அந்த வண்டியையோ அதன் மதிப்பையோ அரசு எடுத்துக்கொள்ளும். 1846-ல்தான் அதை ஒழித்தார்கள். சட்டம் போனது, எண்ணம் போகவில்லை. அமெரிக்காவில் கணவன், மனைவி இருவருக்கும் சொந்தமான பழைய கார் ஒன்றில், கணவன் விலைமாதுவுடன் பிடிபட்டான். காரை அரசு பறித்தது. 'எனக்கு எதுவுமே தெரியாதே' என்று மனைவி உச்ச நீதிமன்றம் வரை போனார். 1996-ல் ஐந்துக்கு நான்கு என்ற கணக்கில் தோற்றார்.

நம் உச்ச நீதிமன்றம் கொஞ்சம் இளகிய மனசுக்காரர். பிடித்த வண்டிகளைக் காவல் நிலையத்தில் மாதக்கணக்கில் மக்க விடாதீர்கள், தகுந்த உத்தரவாதம் வாங்கிக்கொண்டு விடுங்கள் என்று 2002-லேயே சொல்லிவிட்டது. போதைப்பொருள் வழக்கில் சிக்கிய வண்டியைக்கூட இடைக்காலமாக விடத் தடையில்லை என்று 2025 ஜனவரியில் சொன்னது.

அப்படியானால் எல்லாவற்றையும் விட்டுவிடலாமா? அங்கேதான் எனக்கு இடிக்கிறது.

2018 ஆகஸ்ட் 22 ராத்திரி, முக்கொம்பில் கொள்ளிடம் மேலணையின் ஒன்பது மதகுகள் அடித்துக்கொண்டு போயின. 1836-ல் கட்டிய அணை. மணலை வாரியதும் ஒரு காரணம் என்று விவசாயிகள் குமுறினார்கள். அதே அக்டோபரில் உயர் நீதிமன்றத்தின் மதுரைக் கிளை, மணல் கடத்தும் வண்டிகளை இடைக்காலமாக விடக்கூடாது, பறிமுதல் நடவடிக்கை எடுங்கள் என்றது. அந்தக் கோபம் நியாயமானது. அபராதத்தைவிட ஒரு நடையின் லாபம் அதிகம் என்றால், இன்று விட்ட வண்டி நாளை ராத்திரி மறுபடி ஆற்றில் இறங்கும். வண்டிக்குச் சொந்தக்காரர் இருக்கிறார், மனு போடுகிறார். ஆற்றுக்காக யார் மனு போடுவது?

பெரியவரிடம் தயங்கித் தயங்கி ஒரு கேள்வி கேட்டேன். "ஐயா, அந்த மாசங்கள்ல டிரைவர் வழக்கத்தைவிட அதிகமா பணம் கொடுத்தானா?"

"கொடுத்தான்."

"ஏதுன்னு கேட்டீங்களா?"

பதில் இல்லை.

தெரியாமல் இருப்பது வேறு, தெரிந்துகொள்ளாமல் இருப்பது வேறு. அமெரிக்க மனைவிக்குத் தெரிய வழியே இல்லை. பெரியவருக்கு வழி இருந்தது. நம் போதைப்பொருள் சட்டமும் 'தெரியாது' என்றால் மட்டும் விடுவதில்லை. தவறு நடக்காமலிருக்க நீ என்ன முன்ஜாக்கிரதை எடுத்தாய் என்று உரிமையாளரைக் கேட்கிறது. சரியான கேள்வி. ஆனால் கேட்டால்தானே பதில் சொல்ல முடியும்? கேட்கவே ஒரு வருஷம் ஆனால், தீர்ப்புக்கு முன்பே துரு தண்டனையை நிறைவேற்றிவிடுகிறது.

சொந்தக்காரரைச் சீக்கிரம் விசாரியுங்கள். உடந்தை என்றால் வண்டியை எடுத்துக்கொள்ளுங்கள், ஏலம் விடுங்கள். அசட்டை என்றால் அசட்டைக்கு உரிய தண்டனை கொடுங்கள். ஒன்றுமில்லை என்றால் ஓடுகிற நிலையில் திருப்பிக் கொடுங்கள்.

பெரியவருக்கு மதுரையில் மனுப் போட்டு வண்டி கிடைத்தது. பாதி விலைக்குத்தான் போனது. "மறுபடி வாங்கினா நானே ஓட்டுவேன் தம்பி" என்றார். கேட்க வேண்டிய கேள்வியை அவர் அப்போதுதான் கேட்டுக்கொண்டார் என்று தோன்றியது.